ருக்குமணியக்காவின் நீலச் சுவர்

எதிர்வீட்டில் நேற்று வெள்ளையடித்தார்கள். வீட்டுக்கெல்லாம் பெயின்ட் அடித்தாகிவிட்டது, மாட்டுக்கொட்டகைச் சுவருக்கு மட்டும் சுண்ணாம்பு. வாளியில் கரைத்து, ஒரு சிட்டிகை நீலத்தையும் போட்டு, மட்டையால் சளக் சளக்கென்று ஒருவர் இழுத்துக்கொண்டிருந்தார். அந்த வாசம் மாடியேறி என் ஸ்டுடியோவுக்குள் வந்துவிட்டது. எழுந்து போய் ஜன்னலைச் சாத்தினேன். சாப்பிடக் கூப்பிட வந்த என் மனைவி, "ஏனுங்க, இந்தப் புழுக்கத்துல எதுக்குச் சாத்திப்போட்டு உக்காந்திருக்கீங்க?" என்று திறந்துவிட்டுப் போனாள். அவள் படியிறங்கியதும் மறுபடி சாத்தினேன். நல்ல வாசம்தான் அது. ஒரு காலத்தில் எனக்கும் பிடித்த வாசம்தான்.

நான் கல்யாணப் படம் எடுக்கிறவன். பாலக்காட்டுப் பக்கம் கொல்லங்கோட்டில் ஓர் உரக்கடைக்கு மேலே என் ஸ்டுடியோ. பிழைப்புக்கு முகூர்த்தம், சீர், வளைகாப்பு, காதுகுத்து. ஆனால் எங்கள் தொழிலில் ஒருவனுக்குப் பேர் கிடைப்பது மண்டபத்துக்குள் அல்ல. அவுட்டோரில். பொண்ணு மாப்பிள்ளையைக் காரில் ஏற்றி எங்காவது கூட்டிப்போய், காற்றும் வெளிச்சமும் பார்த்து எடுக்கிற படம்தான் ஆல்பத்தின் அட்டையில் வரும். அதனால் ஆளுக்கு ஓர் இடம் வைத்திருப்போம். அதை ஒருத்தனுக்கும் சொல்ல மாட்டோம். கூடப்பிறந்தவன் கேமரா தூக்கினாலும் அவனுக்கும் சொல்ல மாட்டோம்.

என் இடம் முதலமடைக்கும் கோவிந்தாபுரத்துக்கும் நடுவே, ரோட்டிலிருந்து உள்ளே போகிற ஒரு வாய்க்கால் மேடு. ஒரு சாவு வீட்டில் படம் எடுத்துவிட்டுத் திரும்பும்போது வண்டி பஞ்சர். மாங்காய் லாரிகள் புழுதி கிளப்பிப் போய்க்கொண்டிருந்தன, ஒருத்தரும் நிறுத்தவில்லை. குறுக்கே நடந்தால் பஞ்சர் கடை வரும் என்று யாரோ சொன்னதை நம்பி வாய்க்கால் மேட்டில் வண்டியைத் தள்ளிக்கொண்டு வந்தேன். ஒரு வளைவில் நிமிர்ந்து பார்த்தேன். எதிரே நெல்லியாம்பதி மலை மொத்தமும் ஒரே சுவராக நிற்கிறது. ஆடி மாதம், மலையில் நாலைந்து இடத்தில் தண்ணீர் வெள்ளை நூலாக இறங்குகிறது. முன்னால் நாற்று நட்ட வயல், வரப்பில் மூன்று பனை, இடதுகையில் மாந்தோப்பு தொடங்குகிறது. சாவு வீட்டுப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, சிரித்தபடி அங்கேயே நின்றுவிட்டேன். பஞ்சர் கடை அந்தத் திசையிலேயே இல்லை என்பது பிறகுதான் தெரிந்தது.

அதன்பிறகு ஊர் முழுக்க, நான் ஓர் இடம் கண்டுபிடித்திருக்கிறேன் என்று பீற்றிக்கொண்டேன். கண்டுபிடித்தேனாம். அங்கே ஒரு பொம்பிளை வீடு கட்டிக் குடியிருந்தாள்.

அவர்தான் ருக்குமணியக்கா. வளைவுக்கு வலதுபக்கம், பெரிய புளியமரத்தடியில், இரண்டு அறை ஓட்டு வீடு. வீட்டுக்காரர் இறந்து, பிள்ளையும் இல்லாமல், இரண்டு எருமையோடு தனியாக இருந்தார். சீசனில் முதலமடை மாங்காய் மண்டியில் காய் தரம் பிரிக்கப் போவார். நாற்பத்தைந்து வயதிருக்கும் அப்போது. உயரமான ஆள், குரல் இன்னும் உயரம். வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் நிற்கிற எருமையைத் திட்டினால் மேயப்போன மற்றவர்களின் எருமையும் திரும்பி வரும்.

முதல் ஜோடியை அங்கே கூட்டிப்போன அன்று, இந்தத் தொழிலில் எல்லோருக்கும் வருகிற கஷ்டம் எனக்கும் வந்தது. பொண்ணு முகூர்த்தச் சேலையில் கொஞ்சம் படம் எடுத்தபிறகு இரண்டாவது சேலைக்கு மாற வேண்டும். எங்கே மாறுவாள்? நாங்கள் எல்லோரும் செய்கிற மாதிரி, காருக்குள் உட்காரவைத்து ஜன்னலுக்குத் துண்டு கட்டிக்கொண்டிருந்தேன். அக்கா எருமையை விட்டுவிட்டு நேரே வந்தார். என்னை ஒரு பார்வை பார்த்தார். "பொம்பளப் புள்ளைய இப்படியா பண்ணுவீங்க? அம்மிணி, எறங்கு. ஊட்டுக்குள்ள வந்து நிம்மதியா மாத்து, வா" என்று கையைப் பிடித்து அழைத்துப்போய்விட்டார்.

அன்று தொடங்கியது, பதினோரு வருடம் நடந்தது. என் ஜோடிகள் அத்தனை பேருக்கும் அந்த வீடுதான் சேலை மாற்றுகிற இடம். அக்கா கதவைச் சாத்திவிட்டு வாசலில் காவலுக்கு உட்கார்ந்துகொள்வார். மாப்பிள்ளை அந்தப் பக்கம் நகர்ந்தாலே, "இன்னைக்கு ராத்திரி வரைக்கும் பொறுக்க மாட்டீங்களாக்கும்" என்று கேட்டு அவனைச் சிவக்க வைப்பார். முதலில் கையகலக் கண்ணாடி ஒன்றுதான் சுவரில் தொங்கியது. மூன்றாம் வருடம் கோவிந்தாபுரம் சந்தைக்குப் போய் ஆளுயரக் கண்ணாடியாக வாங்கிவந்து மாட்டிவிட்டார். பொண்ணுகள் பழைய பொட்டை எடுத்து அதன் சட்டத்தில் ஒட்டிவிட்டுப் புதுப்பொட்டு வைத்துக்கொண்டு போவார்கள். சிவப்பும் மெரூனும் பச்சையுமாக அந்தச் சட்டம் முழுக்கப் பொட்டு. சேஃப்டி பின்னுக்கென்று பிஸ்கட் டப்பா ஒன்று. எந்தப் பொண்ணு பின் கேட்டாலும் அதிலிருந்து வரும்.

இதற்கெல்லாம் அக்கா ஒன்றும் வாங்கிக்கொள்ளவில்லை. கல்யாண வீட்டுப் பட்சணப் பொட்டலம் கொடுத்தால் மட்டும், "ஒறம்பரைக்காரி மாதிரி ஆயிட்டனே" என்று, சொந்தக்காரியாகிவிட்ட சந்தோஷத்தில் சிரித்துக்கொண்டே வாங்கிக்கொள்வார். பொண்ணுகள் எல்லோரும், அக்கா, ஆல்பம் வந்ததும் கொண்டுவந்து காட்டுகிறோம் என்று சொல்லிவிட்டுத்தான் கார் ஏறுவார்கள். ஒருத்தியும் வந்ததில்லை.

நான் மட்டும் கொண்டுபோய்க் காட்டினேனா என்று கேட்காதீர்கள். வருகிறது, சொல்கிறேன்.

என் கேமராவுக்கு அந்த வீடு ஒரு தொந்தரவு. மலை, தண்ணீர், வயல், பனை எல்லாம் சொல்லிவைத்தாற்போல் அமைந்திருக்கும். சரியாக வலது ஓரத்தில் ஓட்டுக்கூரையும் எருமையும் வைக்கோலும் காயப்போட்ட பாவாடையும் வந்து நிற்கும். ஆல்பம் பார்க்கிறவர்களுக்கு அது பிடிக்காது. அதனால் ஸ்டுடியோவுக்கு வந்ததும் நான் செய்கிற முதல் வேலை, அந்த வீட்டை அழிப்பது. நாங்கள் டச்சிங் என்போம். பக்கத்து வயல் பச்சையைக் கொஞ்சம் எடுத்து வீட்டின் மேல் ஒட்டவேண்டும், இன்னும் கொஞ்சம் எடுத்து ஓட்டின் மேல். பத்து நிமிடத்தில் வீடு போய்விடும், புளியமரம் மட்டும் நிற்கும். அதில் எனக்குக் கை அவ்வளவு சுத்தம். பாலக்காட்டிலிருந்தெல்லாம் தொழில்காரர்கள் என் படத்தைப் பார்த்துவிட்டு, இந்த வெட்டவெளி எங்கே இருக்கிறது என்று கேட்பார்கள். நான் சொல்ல மாட்டேன்.

ஒரேயொரு வேலையில்தான் என் டச்சிங் செல்லவில்லை. அது சின்னக்கானலில். எஸ்டேட்டில் வேலை பார்க்கிற குடும்பத்துக் கல்யாணம், சொந்தக்காரர் ஒருவர் மூலமாக வந்த ஆர்டர். மூடுபனி விலகி, தேயிலை பளபளவென்று இருந்தது. பின்னால் வரிசையாகத் தகரம் போட்ட தொழிலாளர் வீடுகள், லயம் என்பார்கள். வழக்கம்போல், அதையெல்லாம் எடுத்துவிடலாம் என்று பொண்ணுக்குச் சமாதானம் சொன்னேன். அவள் திரும்பி நின்றுகொண்டாள். "எதுக்குண்ணே எடுக்கணும்? அந்த மூணாவது வீட்டுலதான் நான் பொறந்தேன். அது இல்லன்னா இது எங்க ஊருன்னு எப்படித் தெரியும்?" என்றாள். சரிம்மா என்று அப்படியே விட்டேன். இறங்கி வரும்போது, ரசனை இல்லாத பிள்ளை என்று டிரைவரிடம் சொல்லிச் சிரித்தது ஞாபகம் இருக்கிறது. இப்போது அந்தப் பெண்ணை நினைத்தால் எனக்கு என்னையே நாலு அறை அறையலாம் போல இருக்கிறது.

அக்கா என்னிடம் ஒரே ஒரு தடவைதான் படம் கேட்டார். அன்றைக்கு வேலை முடிந்து பையைக் கட்டிக்கொண்டிருந்தேன். "தம்பி, என்னைய இந்த ஊட்டோட சேத்தி ஒண்ணு எடுங்க. எருமையும் வரட்டும்" என்றார். வெளிச்சம் போய்விட்டது அக்கா, அடுத்த தடவை பளிச்சென்று எடுக்கலாம் என்றேன். வெளிச்சம் போகவில்லை. அசதி, அவ்வளவுதான். அடுத்த தடவை அவர் கேட்கவில்லை, எனக்கும் ஞாபகம் வரவில்லை.

மண்டி முதலாளியைப் பற்றி இப்போது சொல்லவேண்டும். அக்கா காய் பிரிக்கப் போவாரே, அதே மண்டிக்காரர். வளைவுக்கு இடதுபக்கத் தோப்பும் அவருடையதுதான். அவருடைய மகள் கல்யாணத்தை நான்தான் எடுத்தேன். அதிலிருந்து என்னைத் தம்பி என்றுதான் கூப்பிடுவார், தோள்மேல் கை போடாமல் பேச மாட்டார். அவர் கையைத் தோளில் வாங்கிக்கொண்டு நானும் கொல்லங்கோட்டுக் கடைவீதியில் கொஞ்சம் நெஞ்சை நிமிர்த்தித்தான் நடந்தேன். ஒருநாள் ஸ்டுடியோவுக்கு வந்து, மண்டிக்குக் காலண்டர் போடவேண்டும், உன் வாய்க்கால் மேட்டுப் படம் ஒன்றைக் கொடு என்றார். கம்ப்யூட்டரைத் திறந்து காட்டினேன். ஜோடி இல்லாமல் இடத்தை மட்டும் எடுத்த படம். வீடு இருந்தது, நீலச் சுவரோடு.

அந்தப் படத்தை அவர் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கும்போதே டச்சிங் செய்தேன். கீழிருந்து டீ வந்தது. டீயை உறிஞ்சிக்கொண்டே பார்த்தார். ஓடு போனது, சுவர் போனது, வைக்கோல் போனது. "அட, இருந்த எடமே தெரியலயே தம்பி" என்று என் முதுகில் தட்டினார். நான் குளிர்ந்துபோனேன். காலண்டர் வந்தது. மேலே மண்டியின் பேர், நடுவில் என் படம், அடியில் பொடி எழுத்தில் என் ஸ்டுடியோ பேர். மீன்கடையில், பஸ் ஸ்டாண்டில், பால் சொசைட்டியில், எங்கே போனாலும் என் படம் தொங்கியது. நான் டீ குடிக்கப் போகிற கடைகளை அந்த வருடம் காலண்டர் பார்த்துத்தான் தேர்ந்தெடுத்தேன்.

அது ஓய்ந்து ஆறேழு வருடம் கழித்து, ஒரு மத்தியானம் ருக்குமணியக்கா மாடியேறி ஸ்டுடியோவுக்கு வந்தார். அவர் அங்கே வந்தது அதுதான் முதல் தடவை. செருப்பை வெளியே விட்டுவிட்டு, பஞ்சு நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தார். வீடு இருக்கிற இடம் அவர் பேரில் இல்லை, வாய்க்கால் புறம்போக்கு. வீட்டுக்காரர் காலத்திலிருந்து குடியிருக்கிறார், பட்டயத்துக்கு, பட்டா என்பார்களே அதற்கு, எழுதிப்போட்டிருந்தார். இப்போது முதலாளி, அது தன் தோப்போடு சேர்ந்த வழி, இந்தப் பொம்பிளை சமீபத்தில்தான் வந்து கொட்டகை போட்டாள் என்று எதிர்மனு கொடுத்திருக்கிறாராம். ரேஷன் கார்டு கோவிந்தாபுரத்து அண்ணன் வீட்டு விலாசத்தில். கரண்டு கிடையாது, பஞ்சாயத்து நம்பர் போட்டே மூன்று வருடம்தான் ஆகிறது. அக்கம்பக்கத்தில் சாட்சி சொல்லக்கூடியவர்கள் எல்லோரும் அந்த மண்டியில் கூலி வாங்குகிறவர்கள், ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. பழைய தெளிவு வேண்டும் என்று சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். இங்கே ஆதாரத்தை மலையாளத்தில் தெளிவு என்பார்கள்.

அக்கா முகத்தில் கவலையே இல்லை. "நான் பயப்படலீங்க தம்பி. எந்தப் பட்டயத்தவிடவும் பெருசா உங்ககிட்ட போட்டா இருக்குதுல்ல. வருசக்கணக்கா எடுத்திருக்கீங்க. எங்கூடு தெரியற மாதிரி ஒண்ணே ஒண்ணு குடுத்தாப் போதும்" என்றார்.

நாலு நாள் பொறுங்க அக்கா, எடுத்து வைக்கிறேன் என்றேன். வேறென்ன சொல்வது?

நாலு நாள் கடையைச் சாத்திவிட்டு ஹார்ட் டிஸ்க் ஹார்ட் டிஸ்க்காகத் தேடினேன். நூற்றுக்கணக்கில் படம். மலை இருக்கிறது, பனை இருக்கிறது, சிரிக்கிற பொண்ணுகள் இருக்கிறார்கள். வீடு மட்டும் ஒன்றில்கூட இல்லை. டச்சிங் செய்யாத அசல் எங்கே என்கிறீர்களா? ஆல்பம் கொடுத்து முடித்தால் அசலை அழித்துவிடுவேன். டிஸ்க்கில் இடம் வேண்டுமே. அதே ஜோடி குழந்தையின் பிறந்தநாளுக்கு வரும்போது, அப்பா அம்மா கல்யாணத்தை அழித்து அந்த இடத்தில் பிள்ளையை ஏற்றுவேன். அதில் எனக்குச் சிக்கனக்காரன் என்ற பெருமை வேறு. பழைய பொண்ணுகளுக்கெல்லாம் போன் போட்டேன். ஒருத்தி தேடி ஒன்று அனுப்பினாள். அக்காவின் ஆளுயரக் கண்ணாடி முன்னால் நின்று அவள் தன் போனில் தானே எடுத்துக்கொண்டது. கண்ணாடியும் பொட்டும் அவளும் தெரிகிறார்கள். பின்னால் ஒரு சாண் சுவர்.

விசாரணை நாளில் அதைத்தான் பிரின்ட் போட்டு எடுத்துக்கொண்டு அக்காவோடு தாலுகா ஆபீசுக்குப் போனேன். டச்சிங் விஷயத்தை அக்காவிடம் சொல்லவில்லை. வழியெல்லாம் சொல்லிவிட வாயெடுத்தேன், முடியவில்லை. படம் நிறைய அழிந்துபோய்விட்டது, இது ஒன்றுதான் கிடைத்தது என்று மட்டும் சொன்னேன். அது பொய்யில்லை என்று எனக்கு நானே சமாதானம் வேறு சொல்லிக்கொண்டேன்.

அதிகாரி தன்மையான மனுஷர். படத்தை வாங்கிப் பார்த்துவிட்டு, இது எந்த வீட்டுச் சுவராக வேண்டுமானாலும் இருக்கலாமே என்றார். சாட்டிலைட்டில் மேலிருந்து எடுத்த படங்களிலும் புளியமரத் தழைதான் தெரிகிறதாம், அடியில் இருப்பது தெரியவில்லையாம். அப்போது முதலாளி, பக்கத்தில் இருந்த ஆளிடமிருந்து ஒரு சுருளை வாங்கி மேசைமேல் விரித்தார். அந்தக் காலண்டர். வருடம் கொட்டை எழுத்தில் அச்சாகியிருந்தது. படத்தில் மலை, வயல், பனை, புளியமரம். மரத்தடியில் வெறும் பச்சை. அடியில் என் ஸ்டுடியோ பேர்.

எழுந்து, சார், அங்கே வீடு இருந்தது, நான்தான் அழித்தேன், இவர் பக்கத்தில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டே பார்த்தார் என்றேன். முதலாளி கோபப்படவில்லை. என் தோளில் கையைப் போட்டார், அதே கையை. "தம்பி நல்ல பையனுங்க சார். பொம்பளைக்காகப் பாவம் பாத்துச் சொல்லுது" என்றார். அதிகாரி என்னையும் காலண்டரையும் மாறி மாறிப் பார்த்தார். அழித்தேன் என்கிறீர்கள், அழிக்கும் முன்பு இருந்ததைக் காட்டுங்கள் என்றார். அந்த அசலையும் காலண்டர் அச்சுக்குப் போன கையோடு அழித்திருந்தேன். அந்த முதலாளியை இன்றுவரை என்னால் மன்னிக்க முடியவில்லை. ஆனால் துரோகம் செய்தவர்களை எண்ணத் தொடங்கினால் அவரோடு எனக்கு நிறுத்தத் தெரியவில்லை.

அக்கா மேசையருகே வந்து காலண்டரைக் கையில் எடுத்தார். கடைகளில் தூரத்தில் தொங்கக் கண்டிருப்பார், என் படத்தைக் கிட்டத்தில் அவர் பார்ப்பது அதுதான் முதல் தடவை. புளியமரத்தைக் கண்டுபிடித்து, அதன் அடியில் விரலை வைத்து, மெல்லத் தேய்த்துப் பார்த்தார்.

"எல்லாப் போட்டாவும் இப்படித்தானுங்களா தம்பி?"

ஆமாங்க அக்கா என்றேன்.

அவர் கத்தவில்லை. எருமைக்குக் கேட்கிற அந்தக் குரல் அன்றைக்கு எனக்கே சரியாகக் கேட்கவில்லை. "உங்க போட்டாவுல நல்லா விழோணும்னுதானுங்க, வருசா வருசம் தை முகூர்த்தத்துக்கு முன்னால நீலம் கலந்து வெள்ளையடிச்சேன்" என்றார்.

எனக்குத் தெரியாது, நண்பரே. சத்தியமாகத் தெரியாது. தை மாதம் போகும்போதெல்லாம் சுண்ணாம்பு வாசம் அடிக்கும், புதுச் சுவர் பளீரென்று இருக்கும். இந்த அக்கா எதற்கு இதை இப்படி அடித்து வைக்கிறார், அழிக்க இன்னும் பத்து நிமிடம் கூட ஆகுமே என்று நான் சலித்துக்கொள்வேன்.

மழைக்கு முன்பே வீட்டைப் பிரித்துவிட்டார்கள். நான் போகவில்லை, போகத் தைரியம் இல்லை. எருமையை விற்றுவிட்டு, பொட்டுகளோடு அந்தக் கண்ணாடியை மட்டும் எடுத்துக்கொண்டு அக்கா கோவிந்தாபுரத்துக்கு அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டார். ஒருதடவை கேமராவோடு அங்கே போனேன். அக்கா, உங்களை ஒரு படம் எடுக்கிறேன் என்று என்னத்தையோ உளறினேன். உள்ளே கூப்பிட்டு உட்காரவைத்துக் காப்பி கொடுத்தார். படம் வேண்டாம் என்று சொல்லிவிட்டார். "எதோட சேத்தி எடுப்பீங்க?" என்று கேட்டார். காப்பியைக் குடித்துவிட்டு வந்துவிட்டேன்.

போன தையில் ஒரு ஜோடி, அந்தப் பழைய காலண்டரில் இருக்கிற இடத்தில்தான் எடுக்கவேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றது. அவர்கள் வீட்டில் பீரோவுக்கு உள்பக்கம் அந்தப் படத்தை ஒட்டி வைத்திருக்கிறார்களாம். வேறு இடம் எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன், கேட்கவில்லை. போனோம். மலை அதே மலை. பனை மூன்றும் நிற்கிறது. ஓரத்தில் ஓடு இல்லை, வைக்கோல் இல்லை, கொடியில் பாவாடை இல்லை. என் காலண்டரை விரித்து வைத்தாற்போல் அப்படியே கிடக்கிறது. மூச்சு விடாமல் எடுத்தேன். டச்சிங் செய்ய ஒன்றுமில்லை.

முகூர்த்தச் சேலையில் எடுத்து முடித்ததும், பொண்ணு பையைத் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தாள். "அண்ணா, சேலை எங்கீங்க மாத்தறது?" என்றாள்.

கேமராவிலிருந்து கண்ணை எடுக்காமல், பதினோரு வருடப் பழக்கத்தில், புளியமரத்தடிக்குக் கையைக் காட்டினேன். அந்தப் பிள்ளை நம்பி அங்கே நடந்துபோய், மரத்தடியில் பையோடு நின்று, திரும்பி என்னைப் பார்த்தது.